லூயி த ஃபூனெஸ்: பார் பியானோவிலிருந்து 1.7 கோடி டிக்கெட் வரை

1964 செப்டம்பரில் வெளியான 'லெ ழாந்தார்ம் த சான் ட்ரோபே' யாரும் பெரிதாக எதிர்பார்த்த படமல்ல. கடலோரச் சுற்றுலா ஊரில் ஒரு போலீஸ் ஸ்டேஷன், எதற்கெடுத்தாலும் எரிந்து விழும் ஒரு ஹவில்தார், பேச்சுக் கேட்காத மகள், கடற்கரையில் ஆடையில்லாமல் குளிப்பவர்களைப் பிடிக்கப் போகும் படை. கதை அவ்வளவுதான். பிரான்ஸில் 78 லட்சம் டிக்கெட் விற்றது. ஹவில்தார் குருஷோவாக நடித்த பிரெஞ்சு நகைச்சுவை நடிகர் லூயி த ஃபூனெஸுக்கு அந்த ஜூலையில்தான் 50 வயது நிறைந்திருந்தது. தலையில் முடி அதிகமில்லை, உயரம் 1.64 மீட்டர். அதுவரை ஏறக்குறைய நூறு படங்களில் தலைகாட்டியிருந்தார். பெரும்பாலானவற்றில் தலைகாட்டியதோடு சரி.

அதன் பிறகு நடந்தது வேறு கணக்கு. இரண்டு மாதத்தில் 'ஃபான்தோமாஸ்', 45 லட்சம். 1965 மார்ச்சில் 'லெ கார்னியோ', 1.17 கோடி. 1966 டிசம்பர் 8 அன்று 'லா கிராந்த் வாத்ரூய்', மறுவெளியீடுகளையும் சேர்த்து 1.72 கோடி. அன்றைய பிரான்ஸின் மக்கள்தொகையே ஐந்து கோடியைத் தொடவில்லை. இந்த எண்ணிக்கையை 'டைட்டானிக்' முறியடிக்க 1998 ஆனது. ஒரு பிரெஞ்சுப் படம் முறியடிக்க 2008 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

முதல் படம் வந்தது 1946இல். ஆக, 18 வருடம் இந்த மனிதர் எங்கே இருந்தார்? 'திறமையைக் கண்டுகொள்ள ஆளில்லை' என்பது வழக்கமான பதில். அது பாதிதான் சரி. ஃபூனெஸின் நகைச்சுவை அடிப்படையில் ஒரு பியானோக்காரரின் வேலை. காதால் கேட்டு, எதிராளியின் வேகத்தைப் பிடித்து, தன் வேகத்தை அதன்மேல் ஏற்றும் வேலை. அதற்கு மூன்று பொருள் வேண்டும்: நேரம், நிதானமான ஒரு ஜோடி, சிரிப்புச் சத்தம் கேட்கும் தூரத்தில் ஆட்கள். மூன்றும் அமைந்த இடத்திலெல்லாம் அவர் வென்றார். ஒன்று குறைந்தாலும் படம் தள்ளாடியது. அவருடைய தொழில் வாழ்க்கையை இந்த மூன்றையும் வைத்துப் பார்த்தால், தாமதத்துக்கும் காரணம் தெரியும், பிற்காலச் சறுக்கல்களுக்கும் தெரியும்.

காது

பிறந்தது 1914 ஜூலை 31, பாரிஸை ஒட்டிய கூர்புவாவில். அப்பா ஸ்பெயினின் செவில் நகரத்து வழக்கறிஞர். வீட்டை எதிர்த்துக் காதலித்த பெண்ணோடு பிரான்ஸுக்கு வந்தவர். இங்கே வக்கீல் தொழில் செய்ய முடியாததால் வைரத் தொழிலுக்குப் போனார். அம்மா லெயோனோர் பெரிய கோபக்காரி; மகனை மேசையைச் சுற்றிச் சுற்றித் துரத்துவார். ஐந்து வயதில் பியானோவில் விரல் வைக்கச் சொல்லிக் கொடுத்ததும் அவர்தான். 'என் முதல் நடிப்பு ஆசிரியை' என்று ஃபூனெஸ் பின்னாளில் அம்மாவைத்தான் சொன்னார். திரையில் நாம் பார்க்கும் கத்தலும் காலடி வேகமும் அந்த வீட்டுச் சரக்கு.

படிப்பு ஓடவில்லை. மென்மயிர்த் தோல் தைக்கும் தொழில், கடைக் கண்ணாடி அலங்காரம், கணக்கு எழுதும் உதவியாள் என்று வேலைக்கு வேலை தாவினார். நின்றது பியானோ ஒன்றுதான். ஜெர்மன் ஆக்கிரமிப்புக் காலப் பாரிஸில் மதுக்கடைகளில் ஜாஸ் வாசித்தார். மத்லேன் அருகே இருந்த 'லோரிஸோன்' அவற்றில் ஒன்று. இரவு தொடங்கினால் விடியும்வரை வாசிப்பு. பெரும்பாலும் கேள்வி ஞானம். இசையை ஒழுங்காகக் கற்கலாம் என்று ஃபோபூர் புவாஸோனியேர் தெருவில் ஒரு ஜாஸ் பள்ளியில் சேர்ந்தார். அங்கே செயலாளராக இருந்த ழான் பார்தெலெமியை 1943இல் மணந்தார். கடைசிவரை அவருடைய தொழிலின் கணக்கும் கறாரும் இந்த அம்மாள் கையில்தான்.

மதுக்கடைப் பியானோக்காரருக்கு என்ன பயிற்சி கிடைக்கும்? கச்சேரி வித்வான் முன்னால் கூட்டம் வாயை மூடிக்கொண்டு உட்காரும். இங்கே யாரும் கேட்பதில்லை. பேசுகிறார்கள், குடிக்கிறார்கள், சண்டை பிடிக்கிறார்கள். வாசிப்பவர்தான் கூட்டத்தைக் கேட்க வேண்டும். எந்த மேசையில் குரல் ஏறுகிறது, எப்போது வேகம் கூட்டினால் பேச்சு அடங்கும், எங்கே ஒரு நொடி கையை எடுத்தால் எல்லோரும் திரும்பிப் பார்ப்பார்கள் என்று ஒவ்வோர் இரவும் அளந்தபடி இருக்க வேண்டும். போதாக்குறைக்கு அறையே கண்ணுக்கு எதிரே. முதலாளி பெரிய வாடிக்கையாளரிடம் குழைவதும், அடுத்த நொடி சர்வர்மேல் பாய்வதும் பியானோவுக்குப் பின்னால் இருந்து நன்றாகத் தெரியும். இருபது வருடம் கழித்து அவர் திரையில் செய்த அத்தனை முதலாளிகளும் இந்த இரண்டு முகத்தோடுதான் வந்தார்கள்.

ஒரு நிமிட வேடங்கள்

ரெனே சிமோன் நடத்திய நடிப்புப் பள்ளியில் 17ஆம் நூற்றாண்டு நாடகாசிரியர் மோலியேரின் ஸ்கப்பான் வேடத்திலிருந்து ஒரு காட்சியை நடித்துக் காட்டி இடம் வாங்கினார். அங்கே பழக்கமான நடிகர் தானியேல் ழெலான், பின்னர் மெட்ரோவில் தற்செயலாகப் பார்த்தபோது நாடக வாய்ப்பு வாங்கிக் கொடுத்தார். முதல் பட வாய்ப்பும் அவர் வழியாகத்தான். 'லா தாந்தாசியோன் த பார்பிஸோன்' என்ற அந்தப் படத்தில் ஃபூனெஸ் கேளிக்கை விடுதியின் வாசல்காரர். ஒரு நிமிடம்கூட வராது.

அடுத்த பத்து ஆண்டுகளில் இப்படி எண்பதுக்கு மேல். வாசல்காரர், குமாஸ்தா, பக்கத்து வீட்டுக்காரர், ஒரு படத்திலேயே இரண்டு மூன்று ஆள். பகலில் ஸ்டூடியோ, மாலையில் நாடகம், சில காலம் இரவில் பியானோ. குடும்பம் நடத்தியாக வேண்டும்.

ஒரு நிமிட வேடத்தின் குறை சம்பளம் மட்டுமல்ல. ஃபூனெஸ் வகை நகைச்சுவைக்கு அது இடமே தராது. அவர் சிரிப்பை ஏற்றுபவர். வந்தவுடன் வெடிப்பவர் அல்ல. முதல் எரிச்சல், அடக்கிக்கொள்ளல், மறுபடி எரிச்சல், இன்னும் கொஞ்சம் அடக்கல், பிறகு வெடிப்பு. இதற்குக் குறைந்தது மூன்று நான்கு நிமிடம் வேண்டும். வாசல்காரருக்கு அவ்வளவு நேரம் யார் தருவார்? அந்தப் பழைய படங்களில் இன்று அவரைத் தேடிப் பார்ப்பவர்களுக்கு முகமும் கையும் தெரிகின்றன, ஆட்டம் தெரிவதில்லை.

இந்தப் பத்தாண்டில் உருப்படியாகக் கிடைத்த பள்ளி ரொபேர் தேரியின் 'பிராங்கினோல்' நாடகக் குழு. ஆட்டமும் பாட்டும் அபத்தமும் கலந்த மேடைக் கதம்பம் அவர்களுடையது. அங்கே 'ஆ! லே பெல் பக்காந்த்' நிகழ்ச்சியில் போலீஸ் அதிகாரியாக வந்தார். 1954இல் அது படமாகவும் ஆனது. நடனப் பெண்களின் ஒத்திகையை வேவு பார்க்க வந்த அதிகாரி, தன்னை அறியாமல் அந்த ஆட்டத்துக்குள் இழுபடுகிறார். விறைப்பான ஆளைத் தாளம் பிடித்து இழுக்கும் இந்த வித்தையைப் பிறகு அவர் விடவே இல்லை.

1956இல் க்ளோத் ஓத்தான்-லாராவின் 'லா ட்ராவெர்ஸே த பாரி'. ஆக்கிரமிப்புக் காலக் கள்ளச் சந்தை பற்றிய படம். ஃபூனெஸ் மளிகைக்காரர் ஜாம்பியே. நிலவறையில் பன்றியை அறுக்கிறார்கள். அதன் அலறல் வெளியே கேட்காமலிருக்க, படத்தின் நாயகர்களில் ஒருவரான பூர்வில் அக்கார்டியன் வாசிக்கிறார். பிறகு இன்னொரு நாயகன் ழான் கபேன் அதே நிலவறையில் நின்று கடைக்காரரின் பெயரையும் விலாசத்தையும் உரக்கக் கத்தி, கத்தக் கத்தப் பணத்தை ஏற்றிக்கொண்டே போகிறார். குரல் ஒரு படி ஏறும்போதெல்லாம் ஃபூனெஸின் உடம்பு ஒரு படி சுருங்குகிறது. மொத்தமும் சில நிமிடம்தான். ஆனால் முதன்முறையாக அவருக்கு நேரமும் கிடைத்தது, மலை போல அசையாத எதிராளியும் கிடைத்தார். பலனைப் பார்த்தவர்கள் மறக்கவில்லை.

அடுத்த ஆண்டு 'கொம் அன் ஷெவே சூர் லா சூப்'. நாயகன் வேடம்; அதுவும் தற்கொலைக்கு முயன்று முயன்று தோற்கும் இசையமைப்பாளர் வேடம். பியானோ கடைசியில் படத்துக்குள்ளேயே வந்து சேர்ந்தது. 'நி வூ, நி கொன்யூ' படம் வந்த சமயம் ஒரு பாரிஸ் நாளிதழ் அவரை 'பிரான்ஸின் மிகச் சிரிப்பான நடிகர்' என்று தலைப்பிட்டது. இத்தனைக்குப் பிறகும் சினிமா உடனே வரிசையில் வந்து நிற்கவில்லை. இத்தாலிக்குப் போய் அங்கத்து நகைச்சுவை நடிகர் டோட்டோவோடு இரண்டு படம் செய்தார், திரும்பி வந்து மறுபடி சில்லறை வேடங்கள். திருப்பம் மேடையில் காத்திருந்தது.

'ஆஸ்கார்' சொல்லிக் கொடுத்தது

க்ளோத் மாஞியே எழுதிய 'ஆஸ்கார்' நாடகம் 1958இல் பாரிஸில் வேறு நடிகர்களோடு அரங்கேறியது. (அமெரிக்க விருதுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, ஆஸ்கார் கதையில் வரும் ஓட்டுநரின் பெயர்.) 1959 சுற்றுப்பயணத்துக்காக முதலாளி பர்னியே வேடம் ஃபூனெஸுக்கு வந்தது. 1961இல் பாரிஸில் போர்ட்-சான்-மார்த்தான் அரங்கில் அதையே ஆடினார். 1971–72இல் பாலே-ருவாயால் அரங்கில் மறுபடி. எல்லாம் சேர்த்து சில நூறு காட்சிகள்.

தினமும் ஒரே நாடகத்தை ஆடுபவருக்கு எந்த இடத்தில் சிரிப்பு எவ்வளவு நீளம் என்று ஒரு மாதத்தில் தெரிந்துவிடும். ஃபூனெஸ் அந்த நீளத்துக்குள் புது விஷயங்களைச் சொருகினார். சிரிப்பு அடங்கும் முன் ஒரு கை அசைவு. அது எடுபட்டால் மறுநாள் இரண்டு. புகழ்பெற்ற மூக்குக் காட்சி இப்படி வளர்ந்ததுதான். ஆத்திரம் தலைக்கேறிய முதலாளி இல்லாத ஒரு நீண்ட மூக்கைத் தன் முகத்திலிருந்து ரப்பர் போல இழுக்கிறார், விடுகிறார், மறுபடி இழுக்கிறார். எழுத்தில் இல்லாத பகுதி அது. ஓர் இரவில் உருவானதும் அல்ல. கூட்டத்தின் சத்தத்தை வைத்து மாதக்கணக்கில் செதுக்கியது.

1967இல் எதுவார் மொலினாரோ இதைப் படமாக்கியபோது சிக்கல் வந்தது. படப்பிடிப்பில் யாரும் சிரிக்கக் கூடாது; ஒலிப்பதிவு கெட்டுவிடும். சத்தமில்லாத செட் ஃபூனெஸுக்குக் கை கட்டிய மாதிரி. டேக்கைப் பார்க்கிற ஆட்களின் முகம் மலர்கிறதா என்று கேமராவுக்குப் பின்னால் தேடுவார். இயக்குநரோ அமைதியான சுபாவம். இருவருக்கும் ஒத்துப்போகவில்லை. ஆனாலும் படம் 61 லட்சம் டிக்கெட் விற்றதென்றால், மேடையில் அளந்து வைத்த நீளங்கள் உடம்பில் தங்கியிருந்ததுதான் காரணம். சிரிப்பு கேட்காவிட்டாலும் எங்கே கேட்கும் என்று அவருக்குத் தெரியும்.

கோபத்தின் கட்டுமானம்

அவருடைய கோபத்தை நிறுத்தி நிறுத்திப் பார்த்தால் ஒரு வரிசை தென்படும். முதலில் அசைவற்ற நிலை. கண் மட்டும் ஒரு பக்கம் போகும். அடுத்து ஒரு சின்னச் சத்தம், மூக்கால் ஒரு 'ம்', உதட்டால் ஒரு 'ப்'. சொல் இன்னும் வரவில்லை. மூன்றாவதாகக் கை கிளம்பும். விரல்கள் தனித்தனியாக வேலை செய்யும். பியானோ வாசித்தவரின் விரல் என்று சொல்லாமலே தெரியும். நான்காவது, எதிராளி சொன்னதை அவர் குரலிலேயே திருப்பிச் சொல்லிக் காட்டுவது. வெடிப்பு அதற்கும் பிறகு. வெடித்த உச்சத்தில் கதவு திறந்து மேலதிகாரி நுழைவார். அரை நொடியில் முகம் தேனாகும். இந்த அரை நொடியில்தான் தியேட்டர் அதிரும். கத்தலுக்கு விழும் சிரிப்பு அதில் பாதிகூட இருக்காது.

'ழாந்தார்ம்' தொடரில் மேலதிகாரி மிஷெல் கலாப்ரு. கனத்த உடம்பு, அடித்தொண்டைக் குரல், அவசரமில்லாத நடை. ஃபூனெஸ் அவருக்கு முன் பம்முவதும், அவர் முதுகு திரும்பியதும் கீழ்நிலைக் காவலர்கள்மேல் பாய்வதும் ஆறு படங்களுக்கும் அடித்தளம். மனைவி வேடங்களுக்கு க்ளோத் ழான்சாக். நெடிதுயர்ந்த, கலையாத நிதானம் கொண்ட பெண்மணி. அவர்தான் வேண்டும் என்பதில் ஃபூனெஸின் மனைவிக்கும் பங்கு உண்டு. ஜோடிக்கு ஆள் பொறுக்குவதில் இந்தக் குடும்பம் காட்டிய கவனத்தைக் கதை பொறுக்குவதில் காட்டவில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும்.

கேமரா வைப்பவருக்கு இதில் ஒரு பாடம் இருக்கிறது. ஃபூனெஸ் காட்சிக்கு இடுப்பு அல்லது முழங்கால் வரை தெரியும் ஷாட் வேண்டும். நடுவில் வெட்டக் கூடாது. எதிராளியும் அதே ஃபிரேமில் இருக்க வேண்டும். முகம் பிரமாதமாக இருக்கிறதே என்று குளோசப் போட்டால் விரலும் காலும் போய்விடும், வெறும் முகச்சேட்டை மிஞ்சும். அவரைப் பிடிக்காதவர்கள் சொல்லும் 'ஓவர் ஆக்டிங்' குற்றச்சாட்டில் பாதி இப்படி வெட்டிய காட்சிகளால் வந்தது.

'லெ கிராந் ரெஸ்தோராந்' (1966) படத்தில் இதன் சுத்தமான வடிவத்தைப் பார்க்கலாம். உணவகம் நடத்தும் செப்தீம், ஜெர்மன் அதிகாரிக்கு உருளைக்கிழங்கு சூஃப்ளே செய்முறையை ஜெர்மனில் சொல்கிறார். பொருள்களை அடுக்க அடுக்கக் குரல் மேடைப் பிரசங்கமாகிறது. விளக்கின் நிழல் அவர் உதட்டின்மேல் சிறு மீசையாகவும் நெற்றியில் ஒரு முடிக்கற்றையாகவும் விழுகிறது. ஹிட்லர் வந்துவிட்டார், வாயில் வரும் சொல்லோ 'ஜாதிக்காய்'. மொழி புரியாதவருக்கும் அதன் சந்தம் மட்டுமே போதும். அதே படத்தில் சர்வர்களை அவர் ஆட்டம் பழக்குவது போலப் பழக்கும் பகுதியும் இசையை நம்பியே நிற்கிறது.

பூர்வில்

'லெ கார்னியோ' படப்பிடிப்பில் ஒரு தகராறு. கதைப்படி பூர்வில் நேப்பிள்ஸிலிருந்து போர்தோவுக்கு ஒரு கேடிலாக் காரை ஓட்டி வருகிறார். அதற்குள் கடத்தல் சரக்கு இருப்பது அவருக்குத் தெரியாது. கடத்தல்காரர் ஃபூனெஸ் வேறு காரில் பின்தொடர்கிறார். காகிதத்தில் இரண்டு நாயகர்கள். படம் எடுக்க எடுக்க ஃபூனெஸ் கணக்குப் போட்டுப் பார்த்தார்: பூர்விலுக்குத்தான் காட்சிகள் அதிகம், தனக்கோ காருக்குள் உட்கார்ந்து முழிக்கிற வேலை. அன்றிலிருந்து முகத்தில் எந்த அசைவும் காட்டாமல் நடிக்கத் தொடங்கினார். நடிகர் முகத்தால் செய்த வேலைநிறுத்தம். இயக்குநர் ழெரார் ஊரிக்குப் புரிந்தது. முகாம் குளியலறையில் ஃபூனெஸ் தன் நோஞ்சான் புஜத்தைப் பக்கத்தில் நிற்கும் பயில்வானின் புஜத்தோடு ஒப்பிட்டுப் பார்க்கும் காட்சி இந்தச் சமாதானத்துக்காகச் சேர்த்தது. வசனம் கிட்டத்தட்ட இல்லை. படத்தில் எல்லோருக்கும் நினைவிருப்பது அந்தக் காட்சி.

பிடிவாதம் சின்னத்தனமாகத் தெரியலாம், ஆனால் நியாயம் ஃபூனெஸ் பக்கம். அந்தக் கதையில் இருவரும் ஒன்றாக வருவது தொடக்கத்திலும் முடிவிலும்தான். ஜோடியே இல்லாமல் ஜோடிப் படம். ஊரி அடுத்த படத்தில் அதைச் சரி செய்தார்.

'லா கிராந்த் வாத்ரூய்' படத்தில் ஃபூனெஸ் ஓப்பரா இசைக்குழு நடத்துநர் ஸ்தனிஸ்லாஸ் லெஃபோர், பூர்வில் வீட்டுக்குச் சாயம் பூசும் ஒகுஸ்தான். 1942. குண்டுவீச்சு விமானத்திலிருந்து குதித்த ஆங்கிலேயர்களைக் காப்பாற்றப் போய், இருவரும் பாரிஸிலிருந்து தப்பி ஓட வேண்டியதாகிறது. இந்தமுறை ஒரே ஃபிரேமில், தோளோடு தோள். பூர்விலும் இசைக்காரர்தான், படைப்பிரிவு வாத்தியக் குழுவில் கார்னெட் ஊதியவர், பாட்டில் பெயர் வாங்கிவிட்டுச் சினிமாவுக்கு வந்தவர். ஆனால் அவருடையது விளம்ப காலம். ஃபூனெஸ் நாலு வார்த்தை கொட்டும் நேரத்தில் பூர்வில் ஒரு தடவை இமைப்பார். காலணியை மாற்றிக்கொள்ளும் காட்சியில் ஃபூனெஸ் கெஞ்சி, மிரட்டி, தர்க்கம் பேசித் தீர்ப்பதற்குள் பூர்வில் தன் காலணியைப் பறிகொடுத்துவிட்டு அதில் என்ன தவறு என்று யோசித்துக்கொண்டிருப்பார். சுவரிலிருந்து சறுக்கி விழுந்த ஃபூனெஸ் பூர்விலின் தோளில் உட்கார்ந்துவிட, அவர் அப்படியே சுமந்து நடக்கும் பகுதி படப்பிடிப்பில் பிறந்தது. ஒருவர் வேகம் மற்றவரின் முதுகில் ஏறிப் போவதற்கு அதைவிடத் தெளிவான படம் வேண்டாம்.

தொடக்கத்தில் வரும் ஓப்பராக் காட்சியைத் தனியாகப் பார்க்க வேண்டும். பாலே கார்னியே அரங்கில் நிஜமான இசைக்குழு, பெர்லியோஸின் 'ஃபவுஸ்ட்' படைப்பிலிருந்து ஹங்கேரிய அணிவகுப்பு. இதற்காக ஃபூனெஸ் சுமார் மூன்று மாதம் கண்ணாடி முன்னால் பயிற்சி செய்தார். நகைச்சுவை நடிகர்கள் இசை நடத்துநராக வந்தால் குச்சியைச் சுழற்றி, தடுக்கி விழுந்து, தாளைப் பறக்கவிடுவது வழக்கம். அவர் அப்படி எதையும் செய்யவில்லை. இசை ஓடும்வரை ஒரு சிரிப்பும் இல்லை. இடது கை அடக்குகிறது, வலது கை எடுத்துக்கொடுக்கிறது, பித்தளை வாத்தியங்கள் நுழையும் இடத்துக்கு அரை இடம் முன்பே கண் அங்கே போய்விடுகிறது. நிறுத்திய பிறகுதான் வாய் திறக்கிறார். யார் எப்படி வாசித்தார்கள் என்று குரலாலும் கையாலும் செய்துகாட்டி ஒவ்வொருவராக வறுக்கிறார். நிஜ இசைக்காரர்கள் வில்லால் தட்டிப் பாராட்டியதாகச் சொல்வார்கள். முதலில் ஆளை நம்ப வைத்ததால்தான் பிறகு அந்த ஆணவம் சிரிப்பாகிறது.

பூர்வில் 1970 செப்டம்பர் 23 அன்று 53 வயதில் புற்றுநோயால் இறந்தார். ஊரி அவரை மனதில் வைத்து எழுதிய 'லா ஃபோலி தே கிராந்தேர்' (1971) படத்துக்கு ஈவ் மொந்தான் வந்தார். மொந்தானும் பாடகர், தாளம் தெரிந்தவர். பேராசை பிடித்த அமைச்சர் தோன் சலுஸ்த்தைக் காலையில் எழுப்ப, வேலைக்காரன் தங்க நாணயங்களை அவர் காதருகே குலுக்கும் காட்சி ஒன்று இருக்கிறது. தூக்கத்திலேயே முகம் பூரிக்கிறது, விரல் தாளம் போடுகிறது, சட்டென்று நின்று, ஒரு காசு குறைகிறது என்கிறார். காதை வைத்தே எழுதிய காட்சி. 55 லட்சம் டிக்கெட். நல்ல படம்தான், ஆனால் மொந்தான் வேகமானவர், கெட்டிக்காரர். இருவரும் ஒரே காலத்தில் ஓடுகிறார்கள். பூர்வில் இல்லாத இடம் தெரிகிறது.

சறுக்கிய படங்கள்

1966 முதல் 1971 வரை பெரும்பாலும் ஆண்டுக்கு இரண்டு மூன்று படம். தயாரிப்பாளர்களின் கணக்கு எளிது: கோபக்கார முதலாளி, பணக்கார வீடு, ஒரு பொய், ஒன்றரை மணி நேரம். 1967இன் 'லே கிராந்த் வகான்ஸ்' 70 லட்சத்தை நெருங்கியது. 1970–71 வாக்கில் ழாந்தார்ம் தொடரையும் ஊரியின் படத்தையும் விட்டால், அவர் செய்த படங்கள் இருபது லட்சத்தை ஒட்டி இறங்கின. இன்னொருவருக்கு அது பெரிய வெற்றி, இவருக்கு எச்சரிக்கை.

அவற்றில் கவனிக்க வேண்டியது 'லொம் ஓர்கெஸ்த்ர்' (1970). நடனக் குழு நடத்தும் கண்டிப்பான மேலாளர் வேடம், ஃபிரான்சுவா த ருபேயின் இசை, ஆட்டம் பாட்டம், கூட நடிக்க மகன் ஒலிவியே. (மகன் அப்பாவோடு ஆறு படம் செய்துவிட்டு விமானியாகப் போய்விட்டார்.) இசைக்காரரான நடிகருக்கு இசைப் படம் கொடுத்தால் பிய்த்து உதற வேண்டாமா? உதறவில்லை. காரணம் எளிது. எல்லோரும் தாளத்தில் ஆடுகிற படத்தில் தாளம் பிடித்த ஆளுக்கு வேலை குறைவு. அவருடைய ஆட்டம் சோபிக்கச் சுற்றிலும் சாதாரண உலகம், சாதாரண வேகம் வேண்டும். விறைப்பான தொழிலதிபர் திடீரென்று ஆட வேண்டும்.

1973இல் 'ரபி ழாக்கோப்' அதைத்தான் செய்தது. யூதர்களையும் வெளியூர்க்காரர்களையும் கண்டாலே முகம் சுளிக்கும் முதலாளி பிவேர், உயிர் தப்ப ரபி (யூத மதகுரு) வேடம் போட்டு, வரவேற்க வந்த கூட்டத்தின் நடனத்தில் மாட்டிக்கொள்கிறார். நடன அமைப்பு 'கோல் அவிவ்' குழுவின் இலான் ஸாவுயி, இசை விளாதிமிர் கொஸ்மா. ஃபூனெஸுக்கு 59 நெருங்கும் வயது. பல வாரம் ஒத்திகை பார்த்து, மற்ற நடனக்காரர்களோடு வரிசையில் நின்று ஆடினார். காட்சியின் முதல் நொடிகளில் அவர் பக்கத்து ஆளின் காலைத்தான் பார்க்கிறார். பிறகு ஒரு அடி பிடிபடுகிறது. பிறகு கை. கடைசியில் தான் யாரென்பதையே மறந்த மகிழ்ச்சி முகத்தில் வருகிறது. வெறுப்பு கரைவதை வசனம் இல்லாமல் கால் வழியாகச் சொன்ன காட்சி அது. 73 லட்சம்.

இந்த வேகத்துக்கு விலை இருந்தது. அதே காலத்தில் மேடையில் நாடகாசிரியர் அனூயியின் 'லா வால்ஸ் தே டொரேயாதோர்' தினசரி நாடகம் வேறு. 1975 மார்ச்சில் பத்து நாள் இடைவெளியில் இரண்டு மாரடைப்பு. ஊரியோடு செய்யவிருந்த 'லெ க்ரோக்கோதில்' நின்றுபோனது. மேடை முடிந்தது.

பாதி வேகத்தில்

காப்பீட்டு நிறுவனங்கள் தயங்கின. காப்பீடு இல்லாமல் பெரிய படம் கிடையாது. தயாரிப்பாளர் கிறிஸ்தியான் ஃபெக்னர் துணிந்தார். 'லேல் ஊ லா குயிஸ்' (1976) படப்பிடிப்பில் மருத்துவ ஏற்பாடுகள் பக்கத்திலேயே இருந்தன. உப்பும் மதுவும் விலக்கப்பட்டவர் நடித்தது உணவு விமர்சகர் த்யூஷெமேன் வேடத்தில் என்பது தனி வேடிக்கை. மகனாக நகைச்சுவை நடிகர் கொலூஷ், தொப்பையும் தளர்வுமாக, மறுபடி ஒரு நிதானமான ஜோடி.

ஓட முடியாது, குதிக்க முடியாது. இயக்குநர் க்ளோத் ஸிதி வேகத்தை உடம்பிலிருந்து எடுத்துக் கண்ணுக்கு மாற்றினார். நாக்கில் சுவை செத்துப்போன விமர்சகர், தொலைக்காட்சி மேடையில் ஒரு மதுவை முகரவும் குடிக்கவும் வழியில்லாமல் நிறத்தையும் கண்ணாடியில் அது வழிவதையும் பார்த்தே லெயோவில் லாஸ் காஸ் 1953 என்று சொல்லும் காட்சியில் அசைவு மிகக் குறைவு. 58 லட்சம் பேர் பார்த்தார்கள். நோய் வராவிட்டால் இந்த அடக்கம் வந்திருக்குமா என்பது சந்தேகமே.

1980இல் நீண்ட நாள் ஆசையான மோலியேரின் 'லாவார்'. 'ழாந்தார்ம்' படங்களின் இயக்குநர் ழான் ழிரோவோடு சேர்ந்து தானே இயக்கினார். அந்தப் பிப்ரவரியில் ஜெர்ரி லூயிஸ் கையால், பிரெஞ்சு சினிமாவின் கௌரவ சீஸர் விருது. அடுத்த மாதம் படம். சுமார் 24 லட்சம். விமர்சகர்களும் கைதட்டவில்லை. கருமி ஹார்ப்பகோன் அவருக்கென்றே எழுதிய வேடம் போல இருந்தும் ஏன்? அவருடைய கலை எழுத்து விட்ட ஓட்டைகளில் வளர்வது. சாதாரணத் திரைக்கதையில் ஓட்டைக்குப் பஞ்சமில்லை. மூக்கை இழுக்கலாம், முணுமுணுக்கலாம். மோலியேரின் வரிகளில் தாளம் ஏற்கெனவே நிரம்பியிருக்கிறது. அதன்மேல் தன் தாளத்தையும் வாசித்தபோது இரண்டும் முட்டிக்கொண்டன.

1981இல் 'லா சூப் ஓ ஷூ', 31 லட்சம்; ரெமோன் லெஃபெவ்ரின் சிந்தசைசர் மெட்டு படத்தைவிட நீண்ட ஆயுளோடு இருக்கிறது. 1982இல் ஆறாவது 'ழாந்தார்ம்'. நடுவில் இயக்குநர் ழிரோ இறந்துபோக, தோனி அபோயான்ஸ் முடித்துக்கொடுத்தார். 1983 ஜனவரி 27 அன்று நாந்த் மருத்துவமனையில் மாரடைப்பால் ஃபூனெஸ் இறந்தார். வயது 68. லுவார் ஆற்றோரம் லெ செலியேவில், ரோஜா வளர்த்து வாழ்ந்த க்ளெர்மோன் மாளிகை இருக்கும் அதே ஊரில் அடக்கம். மறு ஆண்டு மேயான் நாற்றங்கால் ஓர் ஆரஞ்சு ரோஜாவுக்கு அவர் பெயரை வைத்தது.

ஜெர்மனி, இத்தாலி, சோவியத் நாடு, கிழக்கு ஐரோப்பா எங்கும் அவர் வீட்டுப் பெயர். ஆங்கிலம் பேசும் நாடுகளில் 'ரபி ழாக்கோப்' தவிர அவரை அதிகம் அறியமாட்டார்கள். முன்னவை குரல் மாற்றி வெளியிடும் நாடுகள் என்பது இதில் பெரிய காரணம். சப்டைட்டில் படிக்கும் கண் விரலைத் தவறவிடும்.

புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர்கள் முதல் 'ழாந்தார்ம்' படத்தில் ஆரம்பிக்க வேண்டியதில்லை. அது இன்று பழசாகத் தெரியும். 'லா கிராந்த் வாத்ரூய்' முழுதாக ஒருமுறை, சப்டைட்டில் இல்லாமல் ஓப்பராக் காட்சி மட்டும் மறுமுறை. பிறகு 'ஆஸ்கார்', அதன்பின் 'ரபி ழாக்கோப்'. 'லா ட்ராவெர்ஸே த பாரி' நிலவறைக் காட்சியைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம்; அதற்குள் அவர் கையை எங்கே தேடுவதென்று பழகியிருக்கும்.